ஒரு துப்பறிவாளனும் என் ஐயாவும்

துப்பறியும் நவீனங்களைப் பற்றி நம்மிடையே நல்ல வார்த்தை சொல்வோர் அரிது. உழைக்கும் மக்களின் சிந்தனையை அவர்தம் வாழ்க்கைப் பிரச்சினைகளிலிருந்து திசை திருப்பும் மலிவுச் சரக்கென்றே அவற்றை நாம் கருதி வந்திருக்கிறோம். நானும் என் மாணவருக்கு அவ்வாறே போதித்து வந்தவன். அக்கருத்தை முற்றாகக் கைவிட்டுவிட்டேன் என்று சொல்ல வரவில்லை. ஆயினும், ஒரு துப்பறியும் நவீன வரிசைக்கு நான் பட்ட கடன் ஒன்றுண்டு. அதனை ஒப்புக்கொள்ளும் பொருட்டே இதனை எழுதுகிறேன்.

சென்ற தவணையில் உயர்தர வகுப்பு மாணவி ஒருத்தி பாடம் முடிந்ததும் எழுந்து நின்று ஒரு கேள்வி கேட்டாள்: "சேர், மொழிபெயர்க்கிறது, கணக்கெழுதுறது எல்லாத்தையும் இப்ப மெசினே செய்யுது. நாங்கள் படிச்சு முடிச்சு வெளியில வரேக்க எங்களுக்கு என்ன வேலை மிஞ்சும்?"

என்னிடம் ஆயத்தமான விடை ஒன்று இருந்தது. உற்பத்திச் சக்திகளின் வளர்ச்சியைத் தடுத்து நிறுத்த எவராலும் இயலாது. பழைய தொழில்கள் மறையும், புதியன தோன்றும் என்பதே அந்த விடை. அது வாய்வரை வந்து நின்றுவிட்டது. ஏனெனில், அதே விடையை ஒரு தடவை வேறொருவருக்குச் சொல்லியிருக்கிறேன்.

என் ஐயா கொழும்பில் ஓர் அச்சகத்தில் இருபத்திரண்டு ஆண்டுகள் அச்சுக்கோப்பாளராக இருந்தவர். ஈய எழுத்துக்களை ஒவ்வொன்றாகப் பொறுக்கி, தலைகீழாக அடுக்கி, அந்தத் தலைகீழ் வரிகளை நாம் புத்தகம் வாசிப்பதுபோல் வாசிக்க வல்லவர். பண்டிதர்களின் எழுத்துப் பிழைகளைத் திருத்தியதாகச் சொல்லிச் சிரிப்பார். 1986 இல் அவ்வச்சகத்திற்கு ஒளியச்சுக்கோப்பு யந்திரம் வந்தது. கைக்கோப்புப் பகுதி ஒரு மாதத்தில் மூடப்படும் என்று முதலாளி அறிவித்தார். ஐயா ஒரு தகரப் பெட்டியோடு ஊருக்குத் திரும்பி வந்தார்.

நான் அப்போது பல்கலைக்கழக மாணவன். இயக்கவியல் பொருள்முதல்வாதத்தைப் புதிதாகப் படித்துக்கொண்டிருந்தவன். திண்ணையில் இருந்த ஐயாவிடம், "உற்பத்திச் சக்திகள் வளரிறதை ஆராலும் தடுக்கேலாது, ஐயா" என்றேன். அவர் சிறிது நேரம் பேசாதிருந்தார். பிறகு, "தடுக்கச் சொல்லி ஆர் தம்பி கேட்டது? எங்களிட்டை ஒரு சொல்லுக் கேட்டிருக்கலாம்" என்றார். அதன்பின் பதினோராண்டுகள் உயிரோடிருந்தார். ஓர் அச்சகத்தின் படியையேனும் மீண்டும் மிதிக்கவில்லை.

அவர் சொன்னதன் பொருளை எனக்கு விளக்கியது எந்தச் சித்தாந்த நூலுமன்று. சில ஆண்டுகளின் பின், கொழும்பு நடைபாதையில் பழைய புத்தகம் விற்பவரிடம் வாங்கிய, அட்டை கிழிந்த ஒரு துப்பறியும் நவீனம். ஐசாக் அசிமோவ் எழுதிய 'உருக்குக் குகைகள்' அது.

அசிமோவ் 1920 ஆம் ஆண்டளவில் ரஷ்யாவிற் பிறந்து, மூன்று வயதில் பெற்றோருடன் அமெரிக்காவிற் குடியேறியவர். தந்தையார் நியூயோர்க்கின் புரூக்ளின் பகுதியில் மிட்டாய்க் கடை நடத்தினார். அக்கடையில் விற்பனைக்குத் தொங்கிய மலிவுச் சஞ்சிகைகளே அவருக்கு விஞ்ஞானக் கதையை அறிமுகம் செய்தன. விஞ்ஞானக் கதையும் துப்பறியும் கதையும் ஒன்றுசேர மாட்டா என்று ஜோன் காம்பெல் என்ற புகழ்பெற்ற சஞ்சிகை ஆசிரியர் கருதினார். 'கலக்ஸி' சஞ்சிகையின் ஆசிரியரான ஹொரஸ் கோல்ட், சனநெருக்கடி மிகுந்த உலகொன்றில் யந்திர மனிதர் மக்களின் தொழிலைப் பறிப்பதைப் பற்றி எழுதும்படி அசிமோவைத் தூண்டினார். அவர் தயங்கியபோது, அதனைத் துப்பறியும் கதையாக்கும்படி யோசனை கூறினார். அவ்வாறு 1953 இல் தொடராக வெளிவந்த கதை 1954 இல் நூலாயிற்று. 'நிர்வாணச் சூரியன்' 1957 இலும், இருபத்தாறு ஆண்டுகள் கழித்து 1983 இல் 'விடியலின் ரோபோக்கள்' என்பதும், 1985 இல் 'ரோபோக்களும் பேரரசும்' என்பதும் தொடர்ந்தன.

இவ்வரிசையின் நாயகன் இலைஜா பெய்லி, எதிர்கால நியூயோர்க்கின் பொலிஸ் துப்பறிவாளன். அவனுக்குத் துணையாக அனுப்பப்படுபவன் ஆர். டனீல் ஒலிவா. பெயரின் முன்னுள்ள 'ஆர்' என்ற எழுத்து அவன் ரோபோ, அதாவது யந்திர மனிதன், என்பதைக் குறிக்கும். தோற்றத்தில் மனிதனிலிருந்து அவனைப் பிரித்தறிய இயலாது. ஷெர்லக் ஹோம்ஸ் கதைகளில் கூர்மதி படைத்தவர் துப்பறிவாளர். சாதாரண மனிதராகிய வொட்சன் துணைவர். அசிமோவ் இந்த ஒழுங்கைப் புரட்டிவிட்டார். தவறாத தர்க்கம் படைத்த யந்திரம் துணைவன். கோபமும் அச்சமும் பிழைகளும் நிறைந்த நடுத்தர வயது உத்தியோகத்தனே துப்பைக் கண்டுபிடிப்பவன். பல தடவை பிழையானவரைக் குற்றஞ் சாட்டி அவமானப்பட்ட பின்பே பெய்லி உண்மையை அடைகிறான்.

கொலைகாரன் யார் என்பதை இங்கு சொல்லப்போவதில்லை. என்னைப் பிடித்து நிறுத்தியது கொலையுமன்று. பெய்லி வாழும் நகரமே. கூரையால் மூடப்பட்ட அந்நகரில் இரண்டு கோடி மக்கள். உணவு பெரும்பாலும் நொதியத்திலிருந்து செய்யப்படுவது. ஒவ்வொரு மனிதனுக்கும் ஒரு தரம் உண்டு. தரத்திற்கேற்பச் சலுகையும் உண்டு. அறைக்குள் ஒரு முகங்கழுவும் தொட்டி, நெரிசல் வேளையில் ஓடுபாதையில் இருக்க ஓர் ஆசனம், இவைதாம் ஒருவன் ஆயுள் முழுவதும் உழைத்துப் பெறும் பரிசுகள். இத்தகைய அற்பச் சலுகைகளுக்காக மனிதர் ஒருவரையொருவர் அஞ்சி வாழும் முறையை அசிமோவ் நுணுக்கமாகக் காட்டுகிறார். அந்தப் பூமியின் மொத்தச் சனத்தொகை எண்ணூறு கோடி என்று அவர் எழுதினார். நெடுந்தூரத்து எதிர்காலத்துக்கென அவர் குறித்த அத்தொகையை நமது உலகம் 2022 நவம்பரிலேயே எட்டிவிட்டது.

அந்நகரில் எல்லோரும் அஞ்சும் சொல் ஒன்றுண்டு: தரநீக்கம். பெய்லியின் தந்தை ஓர் அணு விஞ்ஞானி. மின்னுற்பத்தி நிலைய விபத்தொன்றின் பின் அவர் தரநீக்கம் செய்யப்பட்டார். தாய் விரைவில் இறந்தாள். தந்தை குடியில் மூழ்கி, நம்பிக்கை இழந்து, சில வேளைகளில் பழைய நாட்களைப் பற்றிப் பேசி, மகனுக்கு எட்டு வயதாகையில் மறைந்தார். பெய்லியும் இரு தமக்கையரும் அநாதை இல்லம் சேர்ந்தனர். இவ்விவரம் நூலில் ஒரு சிறு பகுதியே. அவ்விடத்தில் நான் புத்தகத்தை மூடி வைத்துவிட்டு வெளியே சென்று நின்றேன். 'பழைய நாட்களைப் பற்றிப் பேசும் தந்தை' ஒருவரை என் வீட்டுத் திண்ணையில் விட்டுவிட்டு வந்திருந்தேன்.

பெய்லியின் காரியாலயத்தில் ஏவல் வேலை செய்த இளைஞன் ஒருவனை நீக்கிவிட்டு, அவ்விடத்தில் ஒரு ரோபோவை வைத்திருக்கிறார்கள். சப்பாத்துக் கடையொன்றில் ரோபோ தமக்குப் பரிமாறக்கூடாதென்று மக்கள் கலகம் செய்யத் துணிகிறார்கள். அவர்களின் கோபம் நியாயமானதென்பதைப் பெய்லி அறிவான். அவனுள்ளும் அக்கோபம் கனன்று கொண்டிருக்கிறது. ஆனால் டனீலோடு அலைந்து திரிந்து, அவனைச் சந்தேகித்து, அவனால் காப்பாற்றப்பட்டு, இறுதியில் அவனை நண்பனாக ஏற்றுக்கொள்கிறான். யந்திரத்தை வெறுப்பதால் தன் தந்தைக்கு நியாயம் கிடைக்காது என்பதை அவன் வாழ்க்கை அவனுக்குக் கற்பிக்கிறது.

இரண்டாவது நவீனம் இதன் மறுபக்கம். சொலேரியா என்னும் கிரகத்தில் இருபதினாயிரம் மனிதரும் இருபது கோடி ரோபோக்களும். ஆளுக்குப் பத்தாயிரம் அடிமைகள் என்று பொருள். வேலையென்பதே இல்லாத அக்கனவுலகில் மனிதர் ஒருவர் அருகில் ஒருவர் நிற்கவும் கூசுகின்றனர். பிம்பங்கள் வாயிலாகவே உரையாடுகின்றனர். எசமானர் ரோபோவை 'போய்' என்று விளிக்கின்றனர். காலனித்துவக் காலத்துப் பங்களாக்களில் ஒலித்த அந்த விளியை நம்மவர் மறந்திருக்க மாட்டார்கள். கூட்டு உழைப்பு அற்ற இடத்தில் கூட்டு வாழ்வும் அற்றுப்போகும் என்ற உண்மையை இதைவிடக் கூர்மையாகச் சொன்ன நவீனங்கள் சிலவே.

'ரோபோ' என்ற சொல்லே கட்டாய உழைப்பைக் குறிக்கும் செக் மொழிச் சொல்லின் வழிவந்தது; கரெல் சப்பெக்கின் 1920 ஆம் ஆண்டு நாடகம் அதனை உலகுக்குத் தந்தது. நம் நாட்டில் ராஜகாரியம் என வழங்கிய ஊழியத்திற்கு ஒப்பான சொல் அது.

நான்காவது நவீனம் தொடங்கும்போது பெய்லி இறந்து நெடுங்காலமாகிவிட்டது. டனீல் இருக்கிறான், அவனுக்கு மூப்பில்லை. மரணப் படுக்கையில் பெய்லி தன்னிடம் சொன்னதை அவன் நினைவுகூர்கிறான். தனி மனிதன் மறைவான்; ஆனால் அவன் செய்த வேலை மனிதகுலத்தின் பெரும் நெசவில் ஓர் இழையாக நிலைக்கும் என்பதே அவ்வறிவுரையின் சாரம். தொழிலாளியின் மகனாகிய எனக்கு அப்பக்கங்களை இன்றும் கண் கலங்காமல் வாசிக்க முடிவதில்லை.

எனினும், இவ்வரிசையின் குறையையும் மறைத்தல் கூடாது. பூமியின் துயருக்கு அசிமோவ் கூறும் பரிகாரம், மக்கள் புதிய கிரகங்களுக்குக் குடிபெயர்தல் என்பதே. இருக்கும் இடத்தில் இருக்கும் செல்வத்தை எவ்வாறு பங்கிடுவது என்ற பிரச்சினையை அவர் விண்வெளிக்கு அனுப்பிவிடுகிறார். பெய்லியின் உயிர் நண்பனாகிய டனீலும் ஒருவருக்குச் சொந்தமான பொருளே. உரிமையாளர் இறந்ததும் உயிலின்படி மற்றொருவர் கைக்கு மாறுகிறான். இதனை அசிமோவ் சொல்லிச் செல்கிறார். நின்று கேள்வி கேட்கவில்லை.

மாணவியின் கேள்விக்கு அன்று நான் விடை சொல்லவில்லை. மறுநாள் அந்த அட்டை கிழிந்த புத்தகத்தைக் கொண்டுபோய் அவளிடம் கொடுத்தேன். பக்கங்களுக்கிடையில் அகப்பட்ட ஐயாவின் படமொன்றைப் பார்த்து, யாரென்று கேட்டாள். ஐயாவின் கதையையும், திண்ணையில் நான் சொன்னதையும், அவர் திருப்பிச் சொன்னதையும் சொன்னேன். மாணவரிடம் என் பிழையொன்றை ஒப்புக்கொண்டது அதுவே முதற் தடவையென்று நினைக்கிறேன்.

பத்து நாட்களின் பின் அவள் புத்தகத்தைத் திருப்பித் தந்தாள். "கதை நல்லாயிருக்கு, சேர். ஆனா அந்தக் கந்தோரில வேலை செய்த பொடியனை நிப்பாட்டிப்போட்டு ரோபோவை வைக்கினம் எல்லே? அந்த ரோபோ உழைக்கிறது ஆருக்குப் போகுது? அதைக் கதையில காணேல்லை."

அச்சகத்தில் யந்திரம் மிச்சப்படுத்திய கூலி யாருக்குப் போயிற்று என்று 1986 இல் நான் கேட்டிருக்க வேண்டும். ஐயாவையும் அவரோடு நின்ற தொழிலாளரையும் 'ஒரு சொல்லு' கேளாமல் அம்முடிவு எந்த அறையில் எடுக்கப்பட்டதென்று கேட்டிருக்க வேண்டும். அதற்குப் பதிலாக, வரலாற்று விதியை முதலாளியின் சார்பில் நான் ஐயாவுக்கு வாசித்துக் காட்டினேன்.

இன்று வரும் யந்திரங்கள் ஈய எழுத்தை மட்டுமன்றி, ஆசிரியனாகிய என் தொழிலையும் தொடக்கூடியவை. அவை வரட்டும். ஆனால் எவருடைய சம்மதத்தோடு, எவருடைய நன்மைக்காக என்ற கேள்வியை நம் சங்கங்களும் வகுப்பறைகளும் இப்போதே எழுப்பியாக வேண்டும். அடுத்த தவணையில் அந்நவீனத்தை வகுப்பில் கலந்துரையாடலுக்கு வைக்க எண்ணியுள்ளேன். முதலிற் பேசுமாறு அந்த மாணவியையே கேட்டிருக்கிறேன்.