தாயும் கடவுச்சீட்டும்

சர்வதேச அரசியல் என்றதும் மகாநாட்டு மண்டபங்களையும் ராஜதந்திரிகளின் கைகுலுக்கல்களையும் மட்டுமே எண்ணிப் பழகிய நம்மவர்க்கு, 1924-இல் திறந்துவைக்கப்பட்ட ஜொகூர் பாலத்தை அன்றாடம் கடந்து சிங்கப்பூரில் உழைத்துத் திரும்பும் நம் மலேசியப் பெண்களின் வாழ்க்கையும் அவ்வரசியலின் ஓர் அத்தியாயமே என்று சொல்ல விரும்புகிறேன்.

அவ்வாறு எல்லை கடந்த வாழ்வில் அயல்நாட்டவரை மணந்து அக்கரையில் பிள்ளை பெற்ற மலேசியர், தந்தையாயின் குழந்தைக்குக் குடியுரிமை சட்டப்படியே கிட்டியது. தாயாயின் விண்ணப்பம் செய்துவிட்டு ஆண்டுக்கணக்கில் காத்திருக்க நேர்ந்தது. பெண்களுக்கெதிரான பாகுபாடுகளை ஒழிக்கும் ஐக்கிய நாடுகள் உடன்படிக்கையை 1995-இல் ஏற்ற மலேசியா, பிள்ளைகளின் குடியுரிமையில் தாய்க்குச் சமத்துவம் அளிக்கும் ஷரத்தை ஏற்காது ஒதுக்கியே வைத்தது.

ஆறு தாய்மார் வழக்காடி 2021 செப்டம்பரில் உயர்நீதிமன்றத்தில் வென்றதும், மறு ஆண்டே மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் அவ்வெற்றி பறிபோனதும், எனினும் ஓயாத அக்குரலின் பயனாய் 2024 அக்டோபர் 17-இல் மக்களவை தாய்க்கும் அவ்வுரிமை வழங்கும் சாசனத் திருத்த மசோதாவை நிறைவேற்றியதும் நம் காலத்துச் சரித்திரம். ஆனால் அத்திருத்தத்திற்கு முன்னர் பிறந்த பிள்ளைகள் அதன் நிழலுக்கு வெளியே நிற்பது என் நெஞ்சை வருத்துகிறது.

உலக அரசியலில் பெண்கள் எங்கே என்று வினவிய சிந்தியா என்லோ முதலிய அறிஞர்கள், குடும்பத்தின் அந்தரங்கத்திலும் அரசுகளின் அதிகாரம் செயற்படுவதை நமக்கு உணர்த்தினர். ஒரு தேசம் தன் புத்திரிகளைப் பூரணப் பிரஜைகளாக மதிக்கிறதா என்பதற்கு, அவர்கள் பெற்ற மக்களை அது எவ்வாறு வரவேற்கிறது என்பதே உரைகல். விடுபட்ட பிள்ளைகளுக்கும் அவ்வுரிமை கிட்டும்வரை நாம் பேசுவதே தர்மம்.