மிஃபுனே மட்டும் போதாது

ஜப்பானிய இயக்குநர் அகிரா குரோசாவா என்றதும் பலருக்கும் நினைவுக்கு வரும் முகம் தோஷிரோ மிஃபுனே. ஆனால் குரோசாவாவின் 30 படங்களில் 21-ல் இருப்பவர் தகாஷி ஷிமுரா. மிஃபுனே நடித்தவை 16. எண்ணிக்கையை விடுங்கள், ஷிமுராவின் நடிப்பைப் பாருங்கள். 'இகிரு' (1952) படத்தில் வயிற்றுப் புற்றுநோயோடு கூனிக் குறுகி நின்ற அரசு அலுவலர், இரண்டே வருடத்தில் 'செவன் சாமுராய்' படத்தில் மழித்த தலையைத் தடவிக்கொண்டே போர்த் திட்டம் போடும் தலைவர் கம்பேய் ஆகிறார். அதே 1954-ல் வந்த 'காட்ஸில்லா'வில், அந்த மிருகத்தைக் கொல்லாமல் ஆராய வேண்டும் என்று தவிக்கும் விஞ்ஞானி. மூன்றும் ஒரே ஆள் என்று நம்புவது கடினம்.

மிஃபுனேதானே வெனிஸ் விழாவில் இரண்டு முறை சிறந்த நடிகர் விருது வாங்கினார், ஷிமுரா வெறும் குணச்சித்திர நடிகர்தானே என்று கேட்கலாம். மிஃபுனேயின் வேகத்தை யாரும் மறுக்க முடியாது. ஆனால் 'செவன் சாமுராய்' படத்தில், விவசாயிகளை இப்படி ஆக்கியதே சாமுராய்கள்தான் என்று மிஃபுனே வெடிக்கும் காட்சியைக் கவனியுங்கள். ஷிமுரா மறுத்துப் பேசுவதில்லை. கண் கலங்கி, நீ விவசாயி மகன்தானே என்று மட்டும் கேட்கிறார். அந்தக் கலங்கிய கண்கள் இல்லையென்றால் மிஃபுனேயின் ஆவேசம் வெறும் கூச்சலாகப் போயிருக்கும். எதிரில் இருப்பவர் உள்வாங்கினால்தான் வசனம் காட்சியாகிறது.

ஷிமுரா 1982-ல் மறைந்தார். குரோசாவாவைப் புதிதாகப் பார்க்கப் போகிறவர்கள் 'இகிரு'விலிருந்து தொடங்குங்கள்.