வட்ட ஜன்னல், சதுர ஜன்னல்

தரையில் ஓய்ந்து நிற்கும்போது ஐந்து இறக்கைகளும் நுனி தாழ்ந்து தொங்குகின்றன. உருண்டை மூக்கு, பெருத்த வயிறு, நீண்ட வால். அழகு என்று யாரும் சொல்லமாட்டார்கள். முதலில் ஒரு சின்ன டர்பைன் கீச்சிடுகிறது. அடுத்து ஒரு இன்ஜின், அதற்கடுத்து இன்னொன்று. இறக்கைகள் சோம்பலாக ஒரு சுற்று போகின்றன, இரண்டு சுற்று போகின்றன, பிறகு கண்ணுக்குப் பிடிபடுவதில்லை. தொங்கிக் கிடந்தவை நிமிர்ந்து, 21 மீட்டர் குறுக்களவில் ஒரு வட்டமாகிவிடுகின்றன. சுற்றிலும் புழுதி, மண்ணெண்ணெய் வாடை.

இடப்பக்கக் கதவு வழியே ஏறினால் ஐந்து மீட்டரைத் தாண்டிய நீளத்தில் ஓர் அறை. உயரம் 1.8 மீட்டர்தான். நெடியவர்கள் குனிந்தே நடக்க வேண்டும். முன்னால் இரண்டு பைலட்டுகள், அவர்களுக்கு நடுவில் ஒரு மடக்கு இருக்கையில் ஃப்ளைட் இன்ஜினியர். பின்னால் சுவரையொட்டி இரு பக்கமும் பெஞ்சுகள். இரைச்சலில் பேச்சு எடுபடாது. எதிரே இருப்பவர் முகத்தைப் பார்த்துக்கொண்டிருப்பது ஒன்றே இங்கே செய்யக்கூடிய வேலை. பெஞ்சின் கடைசியில் நமக்கும் ஓர் இடம் இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம்.

இது எம்ஐ-8 ஹெலிகாப்டர். சோவியத் வடிவமைப்பாளர் மிகயீல் மில்லின் பெயரிலுள்ள முதல் இரண்டு எழுத்துகள்தான் எம்ஐ. 1961இல் முதல் மாதிரி பறந்தது. வலுவான இன்ஜின் பொருத்திய அடுத்த தலைமுறைக்கு எம்ஐ-17 என்று பெயர். கசான், உலான் உதே என்ற இரண்டு நகரங்களின் ஆலைகளிலிருந்து 12,000க்கும் மேல் வெளிவந்திருக்கின்றன. எம்ஐ-8 செய்யத் தொடங்கிய காலத்தில் ராணுவத்துக்கானது என்றால் வட்ட ஜன்னல், பயணிகளுக்கானது என்றால் சதுர ஜன்னல். வட்ட ஜன்னலில் 24 சிப்பாய்கள், சதுர ஜன்னலில் 28 பயணிகள். பெஞ்சுகளை மடக்கிவிட்டால் 12 ஸ்டிரெச்சர்கள், இல்லையென்றால் நான்கு டன் சரக்கு.

மேற்கு சைபீரியா. எதிர்ப் பெஞ்சில் எண்ணெய் வயல் தொழிலாளிகள், காலடியில் பைகள். பல நாள் தொடர்ந்து வேலை, பிறகு அதே அளவு விடுமுறை. ஏறிய சிறிது நேரத்தில் பாதிப் பேர் தூங்கிவிடுகிறார்கள். கீழே கோடையில் சதுப்பு, குளிர்காலத்தில் பனி, சாலை இல்லை. இறங்கும் இடத்தில் பைலட் முழுப் பாரத்தையும் தரையில் வைப்பதில்லை. சக்கரம் சேற்றைத் தொடும், மேலே இறக்கைகள் சுற்றிக்கொண்டே இருக்கும், ஆட்கள் குதித்து இறங்குவார்கள்.

இன்னும் வடக்கே யமால் தீபகற்பம். கலைமான் மேய்க்கும் நெனெட்ஸ் மக்களின் கூம்புக் கூடாரங்கள். கோடை முடிந்ததும் பிள்ளைகளை விடுதிப் பள்ளிக்குக் கூட்டிப்போக வருவதும் இதே ஹெலிகாப்டர்தான். புது உடுப்பில் ஒரு சிறுவன் ஏறி உட்காருகிறான். வெளியே தாய் ஒரு கையால் தலைத்துணியைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள். கதவு மூடிய பிறகு அவன் ஜன்னல் பக்கம் திரும்பவேயில்லை.

கஜகஸ்தானின் புல்வெளி. வானத்திலிருந்து பாராசூட்டில் ஒரு சோயுஸ் கலம் இறங்குகிறது. வட்டமிட்டுக் காத்திருந்த எம்ஐ-8கள் ஒவ்வொன்றாகத் தரை தொடுகின்றன. மருத்துவர்கள் ஓடுகிறார்கள். மாதக்கணக்கில் எடையில்லாமல் மிதந்தவர்களுக்குக் கால் ஊன்றாது, கைத்தாங்கலாகத்தான் வெளியே எடுக்க வேண்டும். 2012 நவம்பரில் சுனிதா வில்லியம்ஸ் இறங்கியதும் இந்தப் புல்வெளியில்தான். நிலவுக்குப் போகவே திட்டம் போடும் காலத்திலும் கடைசிச் சில கிலோமீட்டருக்கு இந்தப் பழைய வண்டிதான் வருகிறது.

செர்னோபில், 1986 ஏப்ரல் கடைசி. அறையில் மணல் மூட்டைகள், இருக்கைக்கு அடியில் ஈயத் தகடுகள். வெடித்த அணு உலைக்கு நேர் மேலே வந்ததும் கதவருகே நிற்பவர்கள் மூட்டைகளைக் கையால் தள்ளிவிடுகிறார்கள். கீழே எரிவதைக் குனிந்து பார்த்தால்தான் குறி தப்பாது, எனவே குனிந்து பார்க்கிறார்கள். மணல், ஈயம், போரான் என்று மொத்தம் 5,000 டன் அளவுக்குக் கொட்டினார்கள். அக்டோபர் 2 அன்று ஓர் எம்ஐ-8இன் இறக்கை கிரேனின் கம்பிவடத்தில் சிக்கியது. கட்டடத்தை ஒட்டி விழுந்ததில் நால்வர் இறந்தனர்.

ஆப்கானிஸ்தான், பஞ்சஷீர் பள்ளத்தாக்கு, 2001 செப்டம்பர் 26. பத்தாண்டுக் காலம் சோவியத் சிப்பாய்களைச் சுமந்து திரிந்த அதே வகை ஹெலிகாப்டரில் இப்போது அமெரிக்க உளவுத்துறையினர். பெட்டிகளில் 30 லட்சம் டாலர் ரொக்கம். அந்த எம்ஐ-17 இப்போது லாங்லியில், சிஐஏ தலைமையக வளாகத்தில் காட்சிக்கு நிற்கிறது.

பிறகு நடந்ததைப் பார்ப்பவருக்குச் சிரிப்பு வரலாம். ஆப்கன் விமானிகளுக்குப் பழக்கமான ஹெலிகாப்டர் இதுதான் என்பதால், அமெரிக்கா ரஷ்ய அரசு நிறுவனத்திடமே பணம் கொடுத்து 63 எம்ஐ-17களை வாங்கி காபூலுக்குத் தந்தது. ரஷ்யா உக்ரைனுக்குள் புகுந்த 2022ஆம் ஆண்டில், ஆப்கானிஸ்தானுக்கென்று வைத்திருந்தவற்றில் 20 உக்ரைனுக்குப் போயின. ரஷ்யா செய்து, அமெரிக்கா வாங்கி, ஆப்கனுக்காக ஒதுக்கி, ரஷ்யாவுக்கு எதிராக உக்ரைன் ஓட்டிய ஹெலிகாப்டர்கள். இவற்றுக்கான டிவி-3 இன்ஜின்களைப் பல பத்தாண்டுகள் செய்து தந்ததோ உக்ரைனின் சப்போரிஷியா நகர ஆலை. அந்த ஆண்டு வசந்தத்தில் முற்றுகையிலிருந்த மரியுபோலுக்குள் உக்ரைனிய எம்ஐ-8கள் மரங்களை உரசும் உயரத்தில் புகுந்தன. போகும்போது ஆயுதமும் மருந்தும், திரும்பும்போது காயம்பட்டவர்கள். சில திரும்பவில்லை.

தெற்கு சூடான். இங்கே உடல் முழுக்க வெள்ளை, பக்கத்தில் கறுப்பு எழுத்தில் ஐ.நா. மழைக்காலத்தில் சாலைகள் சேற்றுக்குள் போய்விடுகின்றன. எதிரே ஒரு செவிலியர், அவர் மடியில் தடுப்பூசிப் பெட்டி. நடுவில் தானிய மூட்டைகள், அவற்றை இறுக்கும் வலை. வெள்ளைச் சாயம் எல்லா நேரமும் காப்பதில்லை. 2012 டிசம்பர் 21 அன்று ஜோங்லேய் மாநிலத்தில் இப்படி ஒன்றை அந்நாட்டு ராணுவமே சுட்டு வீழ்த்தியது. ரஷ்யர்களான நான்கு ஊழியர்களும் இறந்தார்கள். அண்டை நாடான மத்திய ஆப்பிரிக்கக் குடியரசில் 2014 முதல் ஐ.நா. பணியில் பறப்பவை இலங்கை விமானப்படையின் எம்ஐ-17கள். வன்னிப் போரில் இதே ரக ஹெலிகாப்டர்கள் படையினரை ஏற்றித் திரிந்தன.

தமிழர்களுக்கு இந்தச் சத்தம் புதிதல்ல. 1987 அக்டோபர் 11 நள்ளிரவைத் தாண்டிய நேரம். பலாலியிலிருந்து கிளம்பிய இந்திய எம்ஐ-8கள் யாழ்ப்பாணப் பல்கலைக்கழக மைதானத்தில் படையினரை இறக்கின. கீழே துப்பாக்கிகள் காத்திருந்தன. குண்டு துளைத்த ஹெலிகாப்டர்கள் அடுத்த நடைக்கு வர முடியவில்லை. இறங்கி நின்ற சீக்கிய காலாட்படையினர் 30 பேரில் 29 பேர் விடிவதற்குள்ளும் விடிந்த பிறகும் மாண்டார்கள்.

மும்பை, 2008 நவம்பர் 28. நரிமன் ஹவுஸ் மொட்டை மாடிக்கு மேல் எம்ஐ-17 நிற்கிறது. கமாண்டோக்கள் கயிற்றைப் பற்றிச் சறுக்குகிறார்கள், பக்கத்து மாடிகளில் ஜனங்கள் வேடிக்கை பார்க்கிறார்கள். உத்தராகண்ட், 2013 ஜூன். வெள்ளத்தில் சிக்கிய யாத்ரீகர்களை ஏற்றி இறக்கிக்கொண்டிருந்த எம்ஐ-17 வி5 ஒன்று கௌரிகுண்ட் அருகே விழுந்து 20 பேர் இறந்தனர். மறுநாளும் மற்றவை பறந்தன. தூத்துக்குடி மாவட்டம், 2023 டிசம்பர். தாமிரபரணி ஊருக்குள் வந்துவிட்டது. மொட்டை மாடிகளில் நிற்பவர்களுக்கு மேலிருந்து உணவுப் பொட்டலங்கள் விழுகின்றன. ஒரு கிழவி பொட்டலத்தை எடுக்காமல் முதலில் மேலே பார்த்துக் கும்பிடுகிறாள்.

குன்னூர், நஞ்சப்பசத்திரம், 2021 டிசம்பர் 8. சூலூரிலிருந்து வெலிங்டனுக்குப் புறப்பட்ட எம்ஐ-17 வி5. உள்ளே முப்படைத் தலைமைத் தளபதி பிபின் ராவத், அவர் மனைவி, படையினர் என்று 14 பேர். திடீரென்று சூழ்ந்த மேகத்துக்குள் புகுந்து திசை உணர்வு தப்பி மலையில் மோதியது என்றது விசாரணைக் குழு. ஊர்க்காரர்கள் குடத்தில் தண்ணீரோடும் வீட்டுக் கம்பளிகளோடும் ஓடினார்கள். ஒருவரும் பிழைக்கவில்லை.

2024 மார்ச்சில் அதே குன்னூர் மலையில் காட்டுத் தீ. அதே சூலூரிலிருந்து அதே வகை ஹெலிகாப்டர் வந்தது. வயிற்றுக்குக் கீழே கயிற்றில் பெரிய வாளி. தண்ணீரை மொண்டு வந்து 16,000 லிட்டருக்கும் மேல் கொட்டியது. தோட்டங்களில் நின்றவர்கள் அண்ணாந்து பார்த்தார்கள். அவர்களில் சிலராவது மூன்று டிசம்பருக்கு முந்தைய சத்தத்தை நினைத்திருப்பார்கள்.

இந்தியா 2008க்குப் பிறகு வாங்கிய எம்ஐ-17 வி5 மட்டும் 151. ரஷ்யா மீதான தடைகளால் உதிரிபாகம் வாங்குவதும் பணம் அனுப்புவதும் இன்று பல நாடுகளுக்குத் தலைவலி. பிலிப்பைன்ஸ் 16 எம்ஐ-17களுக்குப் போட்ட ஒப்பந்தத்தை 2022இல் கைவிட்டது. இந்தியாவில் இதன் இடத்துக்கு ஹெச்ஏஎல் நிறுவனம் வேறொன்றை வடிவமைத்துக்கொண்டிருக்கிறது, அது இன்னும் பறக்கவில்லை. நான்கு டன் தூக்கும், மலையேறும், சேற்றில் இறங்கும், யார் ஏறினாலும் கிளம்பும் என்பதைத் தவிர இந்த ஹெலிகாப்டரிடம் சொல்ல ஒன்றுமில்லை. யாரை ஏற்றினோம், எதற்கு அனுப்பினோம் என்ற கேள்விக்கு அனுப்பியவர்கள்தான் பதில் சொல்ல வேண்டும். அடுத்த வெள்ளத்துக்கும் அடுத்த தீக்கும் சூலூரிலிருந்து கிளம்பப்போவது எம்ஐ-17தான்.