இரும்புக் கொக்கியும் கரோலினும்

வானியலாளர் வில்லியம் ஹெர்ஷல் பெயர் பாடப்புத்தகத்திலேயே வந்துவிடும். அவர் தங்கை கரோலினை எத்தனை பேருக்குத் தெரியும்?

1783 டிசம்பர் 31. இங்கிலாந்தின் டாட்செட் கிராமம். தரையில் ஓரடிக்கு உருகும் பனி. அண்ணன் சொன்னபடி தொலைநோக்கியைத் திருப்ப இருட்டில் ஓடியவர் வழுக்கி விழுந்தார். தொலைநோக்கி அமைப்பில் இருந்த இரும்புக் கொக்கி தொடையில் ஏறிவிட்டது. தூக்கியபோது ஒரு துண்டுச் சதை கொக்கியோடே தங்கிவிட்டது. மீதி இரவு மேகமூட்டமாம். அண்ணனின் வேலை கெடவில்லை என்று ஆறுதல்பட்டுக்கொண்டதாக அவரே எழுதியிருக்கிறார். படித்ததும் எனக்குக் கோபம்தான் வந்தது.

அண்ணன் கண்டெடுத்த சுமார் 2,500 நெபுலாக்களையும் விண்மீன் கொத்துகளையும் குறித்து, கணக்குப் போட்டு வைத்தது இவர்தான். தானாகவும் தேடினார்: எட்டு வால்வெள்ளிகள், சில கொத்துகள், என்.ஜி.சி. 253 என்ற கேலக்ஸி. 1828-ல் லண்டன் வானியல் சங்கம் தங்கப்பதக்கம் கொடுத்தது. அடுத்து அதை ஒரு பெண் வாங்கியது 1996-ல், வேரா ரூபின்!

அந்த 253 நம்மூர் தெற்கு வானிலும் ஏறும். டிசம்பர் முன்னிரவில், மழை விட்டிருந்தால், ஊர் வெளிச்சம் தாண்டிப் போய் பைனாகுலரில் தேடுங்கள். கிடைத்தால் கமெண்டில் சொல்லுங்கள்.