விளையாட்டுக்கு வழிவிடும் பாதுகாப்பு

வைரஸ் தடுப்பு மென்பொருளின் நிகழ்நேரப் பாதுகாப்பு என்பது, ஒரு கோப்பு திறக்கப்படும்போதோ எழுதப்படும்போதோ அதை அக்கணமே சோதிக்கும் ஏற்பாடாகும். பெரிய விளையாட்டுகள் ஏராளமான கோப்புகளை அடுத்தடுத்து வாசிப்பதால், சில கணினிகளில் இச்சோதனை ஆட்டத்தைத் தடுமாறச் செய்கிறது. இதனினும் குழப்பம் தருவது, 2017இல் விண்டோஸ் 10 இயங்குதளத்தில் சேர்க்கப்பட்ட, கோப்புறைகளுக்கான அணுகலைக் கட்டுப்படுத்தும் வசதி: கோப்புகளைப் பூட்டிப் பணம் பறிக்கும் ரான்சம்வேரைத் தடுப்பதற்காக, நம்பகமெனத் தான் அறியாத செயலிகள் ‘டாக்குமெண்ட்ஸ்’ போன்ற கோப்புறைகளில் எழுதுவதை இது மறிப்பதால், ஆட்டத்தின் நிலையை அங்கே சேமிக்கும் விளையாட்டுகள், பல மணி நேர முன்னேற்றத்தைப் பதிவுசெய்ய இயலாமல் போகக்கூடும். (இயல்பாக அணைந்திருக்கும் இவ்வசதியை இயக்கியவரே பின்னர் மறந்துவிடுவதும் உண்டு.)

இதற்காகப் பாதுகாப்பு முழுவதையும் அணைப்பது பெருந்தவறு. திருட்டுப் பதிப்புகளோடு வரும் அத்தகைய அறிவுரை, வங்கிக் கணக்கும் திறக்கப்படும் வீட்டுக் கணினியில் மிக ஆபத்தானது. சேமிக்க இயலாத விளையாட்டின் இயக்கக் கோப்பை மட்டும் அணுகல் கட்டுப்பாட்டு வசதியில் அனுமதிப்பதே சேமிப்புச் சிக்கலுக்குப் போதுமானது. ஆட்டம் தடுமாறினால், ஸ்டீம் போன்ற நம்பகமான தளத்திலிருந்து நிறுவிய அந்த ஒரு விளையாட்டின் கோப்புறையை விலக்குப் பட்டியலில், அதாவது சோதனையிலிருந்து விடுவிக்கப்பட்டவற்றின் பட்டியலில், சேர்க்கலாம். பதிவிறக்கக் கோப்புறையை ஒருபோதும் அதில் சேர்க்கலாகாது.