ஏலமும் நியாயமும்

‘லேலாங்’ என்னும் சொல்லைக் கேளாத தமிழர் கிள்ளான் பள்ளத்தாக்கில் இரார். போர்த்துகீசியர் விட்டுப்போன சொல் அது. நமது ‘ஏல’மும் அதே மூலத்திலிருந்து வந்ததென்பர். இரவுச் சந்தையிலே சட்டைகளைக் குவித்துவைத்துக் கூவுபவனும் அதனையே சொல்லுகிறான்; ஒரு குடும்பத்தின் வீடு கைமாறும் இடத்திலும் அதுவே வழங்குகிறது. முன்னதைக் கேட்டு நகைத்திருக்கிறோம். பின்னதை நேரிற் கண்ட ஒரு நாளைப் பற்றியே இங்கு எழுதப் புகுந்தோம்.

நாம் கிள்ளானுக்கு அடுத்த ஒரு செம்பனைத் தோட்டத்திற் கிராணி வேலை பார்த்து வருகிறோம். ஆங்கில வழியிற் கற்றவர் என்ற பெயர் நமக்கு இருப்பதால், லயத்து மக்களும், தோட்டத்தைவிட்டு நகரத்திற் குடியேறியவர்களும் தத்தமக்கு வரும் கடிதங்களை நம்மிடம் கொணர்வது வழக்கம். சில ஆண்டுகளுக்கு முன், பால்வெட்டி ஓய்ந்த மூதாட்டி ஒருவர் ஒரு கடிதத்தைக் கொண்டுவந்து நீட்டினார். மகனோடு சேர்ந்து கடன்பட்டுக் கிள்ளானில் வாங்கிய வீட்டைப் பற்றியது அது. லாரி ஓட்டிய மகன் நோயில் விழ, தவணைகள் நின்றிருந்தன. கடன் கொடுத்தது, பொதுமக்கள் பணம் புழங்கும் ஒரு நிதி நிலையம். நாம் மேல்வரிகளை மட்டும் பார்த்தோம். “வழக்கமாக வரும் கடிதந்தான், ஆயா. இரண்டு மாதத் தவணையைச் சேர்த்துக் கட்டிவிட்டாற் போதும்” என்றோம். “நீங்க சொன்னாச் சரிதானுங்க ஐயா” என்று அவர் அதனை மடித்து இடுப்பிற் செருகிக்கொண்டு போனார்.

அது 16டி என்னும் படிவம். 1965 ஆம் ஆண்டின் தேசிய நிலச் சட்டப்படி, ஈடுவைத்துக் கடன் பெற்றுத் தவறியவருக்குப் பொதுவாக ஒரு மாதக் கெடு விதித்து அனுப்பப்படுவது. கெடுவுக்குள் குறை தீராவிடில், கடன் கொடுத்தவர் விற்பனை உத்தரவு வேண்டி உயர்நீதிமன்றத்துக்கோ, நிலப்பட்டாவின் வகையைப் பொறுத்து நில அலுவலகத்துக்கோ செல்லலாம். அந்த ஒரு மாதம் நமது அலட்சியத்தாற் கழிந்தது.

நிற்க. கடனைத் திருப்பாதவருக்கும் வீடு நிலைக்கவேண்டும் என்று நாம் வாதாட வரவில்லை. பொது நிதியில் நம்முடைய சேமிப்புங்கூடக் கலந்தே கிடக்கிறது. நாம் கேட்பது வேறு. ‘மாறான காரணம்’ இருந்தாலொழிய நீதிமன்றம் விற்பனைக்கு உத்தரவிட்டே ஆகவேண்டும் என்கிறது சட்டம். அக்காரணங்கள் எவையென்பதைப் பான் ஹின் லீ வங்கி கட்சியாயிருந்த வழக்கிலே கூட்டரசு நீதிமன்றம் வகுத்தது; 1997 இல் அத்தீர்ப்பு சட்ட ஏடுகளில் வெளிவந்தது. ஈட்டின் பதிவே மோசடி முதலியவற்றாற் பழுதுபட்டிருத்தல், அறிவிப்பு முதலிய முன்நிபந்தனைகள் நிறைவேறாமை, உத்தரவு சட்டத்துக்கோ நீதிநெறிக்கோ முரணாதல் என்னும் மூன்றே. மகன் நோயில் விழுந்ததற்கு இவற்றுள் இடமில்லை.

இரக்கத்துக்கு இடமில்லாத இடத்தில் ஏழைக்கு எஞ்சுவது முறை ஒன்றே. அதனை நீதிமன்றங்கள் விட்டுக்கொடுப்பதில்லை. எம் அண்ட் ஜே ஃப்ரோசன் ஃபுட் என்னும் கம்பெனியின் வழக்கில், ஏலத்தில் எடுத்தவர் மீதிப் பணத்தைக் கெடுவுக்குள் கட்டவில்லையென்று, விற்பனையே செல்லாதெனத் தீர்ப்பாயிற்று. தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு வழக்கிலும், கடன் கொடுத்தவர் ஈட்டுச் சொத்துக்கு அறங்காவலர் போன்றவர், மனம்போனபடி விற்கலாகாது என்று 2014 இல் இந்திய உச்ச நீதிமன்றம் சொல்லிற்று. நல்ல முறைதான். ஆனால் அது ஒரு காகிதத்தோடு தொடங்குகிறது. அக்காகிதமோ வீட்டுக்காரருக்கு வாசிக்கத் தெரியாத மொழியில் இருக்கிறது.

அவ்வீட்டிற்கு, இதற்குக் குறைந்து விற்கலாகாது என்னும் அடிவிலை முதலில் 1,80,000 வெள்ளியென வைக்கப்பட்டது. கேட்பாரில்லை. இவ்வாறானால் அடுத்த முறை பத்திலொரு பங்கு குறைப்பதே வழக்கம். 1,62,000, அப்போதும் கேட்பாரில்லை. ஏனென்று நமக்குத் தெரியும். பிரிக்பீல்ட்ஸ் காப்பிக்கடையிலே பத்திரிகையின் ஏல விளம்பரங்களை விரித்துவைத்து, “மூணாவது லேலாங்குக்கு வரட்டும், பார்த்துக்கலாம்” என்று பேசும் நண்பர்களோடு நாமும் உட்கார்ந்திருக்கிறோம், தலையசைத்தும் இருக்கிறோம். அந்த வீடுகளில் எவரேனும் குடியிருப்பார் என்ற நினைவு ஒருநாளும் வந்ததில்லை.

மூன்றாம் ஏலத்தன்று மூதாட்டியோடு ஷா ஆலம் நீதிமன்றத்துக்குப் போனோம். ஏலங்கள் மின்வலைக்கு மாறுமுன் நடந்தது இது. பத்து விழுக்காட்டு முன்பணத்துக்கு வங்கிக் காசோலை ஏந்தியவர்கள் சுவரோரம் நின்றார்கள். “ஜட்ஜ் ஐயாகிட்டப் பேச விடுவாங்களா?” என்று இருமுறை கேட்டார். ஒருதரம், இரண்டுதரம், மூன்றுதரம் என்பதுபோல மலாயில் ஏதோ ஒலித்தது. ஒரு குவளைத் தேநீர் ஆறும் நேரம் ஆகவில்லை. ஒருவரே கேட்டார், அடிவிலையான 1,45,800 வெள்ளிக்கே போயிற்று. கடனோ வட்டியோடு 1,52,000. முதல் ஏலத்திலே விற்றிருந்தால், செலவுபோகக் கொஞ்சமேனும் அவர் கைக்கு வந்திருக்கும். வீடும் போய்க் கடனும் நின்றது. விலை குறைந்தால் வாங்குபவருக்கு இலாபம், கடன் கொடுத்தவருக்கு மீதியைக் கேட்கும் உரிமை. குறைந்த அத்தனையும் ஒருவர் தலையிலேதான்.

ஏலம் முடியும் கணம்வரை நிலுவையைச் செலுத்தி விற்பனையை நிறுத்தும் உரிமை சட்டத்திலுண்டு என்பதைப் பின்னரே படித்தோம். பேங்க் நெகாரா 2006 இல் ஏற்படுத்திய ஏ.கே.பி.கே. என்னும் கடன் ஆலோசனை நிலையம், கட்டணமின்றித் தவணையை மாற்றியமைக்க உதவுவதையும் பின்னரே அறிந்தோம். இவ்விரண்டையும் அம்முதற் கடிதத்தோடு ஓர் ஒற்றைத் தாளில் மலாயிலும் தமிழிலும் சீனத்திலும் அச்சிட்டு இணைக்க, பொதுப் பணத்தைக் கடன்கொடுப்போருக்கு எவ்வளவு செலவாகும்? விளம்பரத்துக்குச் செலவிடுவதிற் கால்வாசி ஆகுமா?

திரும்பி வருகையில் அவர் ஒன்றும் பேசவில்லை. வீட்டுக்கு வந்ததும், சாமிப் படத்தின் பின்னாலிருந்து அந்த முதற் கடிதத்தை எடுத்து, “இதுல என்னதான் எழுதியிருந்துச்சுங்க ஐயா?” என்றார். நாம் அதனை முதலிலிருந்து கடைசிவரை வாசித்துத் தமிழிற் சொன்னோம்.