படத்தில் விளைந்த நெல்

உங்கள் வீட்டில் பன்னிரண்டு வயதுக்கு மேல் ஒரு பையன் இருக்கிறானா? இருந்தால், அவன் கைப்பேசியிலோ கம்ப்யூட்டரிலோ விளையாடிக்கொண்டிருக்கும்போது, ஒரு நாள் சத்தமில்லாமல் அவன் முதுகுக்குப் பின்னால் போய் நின்று பாருங்கள். திட்டுவதற்கு அல்ல; அதற்குத்தான் வீட்டில் வேறு ஆட்கள் இருக்கிறார்களே! சும்மா வேடிக்கை பாருங்கள். தலைபோகிற வேகத்தில் ஆடிக்கொண்டிருப்பவன், நடுவில் திடீரென்று நிறுத்துவான். இந்தப் பக்கம் திருப்புவான், அந்தப் பக்கம் திருப்புவான். கல்யாண வீட்டுப் போட்டோகிராபர் மாதிரி ஒரு கண்ணைச் சுருக்குவான். பிறகு ஒரு பொத்தானை அழுத்திவிட்டு, ஒன்றுமே நடக்காததுபோல் மறுபடி ஆடப் போய்விடுவான்.

அவன் செய்தது, தான் பார்த்துக்கொண்டிருந்த திரையை அப்படியே படமாக எடுத்து வைத்துக்கொண்டது. இதற்கு ஸ்கிரீன்ஷாட் என்று பெயர். மளிகைக் கடைக்குப் பணம் அனுப்பியதற்கு அத்தாட்சியாக நீங்களும் நானும் எடுக்கிறோமே, அதே சமாசாரம்தான். நாம் எடுப்பது ரசீது. அவன் எடுப்பது காட்சி. வித்தியாசம் அவ்வளவே.

இல்லாத ஊரை, இல்லாத வெயிலை, யாரோ கணக்குப் போட்டு வரைந்த மலையை எதற்காகப் படம் எடுக்க வேண்டும்? இந்தக் கேள்வி எனக்கு வந்த இடம் இலத்தூர். தென்காசிக்குப் பக்கத்து ஊர். மேற்கே மலை; ஊரை ஒட்டிப் பெரிய குளம்; மதுநாதர் கோயில். ஆனி ஆடியில் குற்றாலத்துச் சாரல் காற்றில் இங்கேயும் வந்து முகத்தில் தெளிக்கும். என் அத்தை வாக்கப்பட்ட ஊர். அத்தையின் பேரன், எனக்கு மருமகன் முறை, அந்தச் சாரலைக் கொஞ்சமும் லட்சியம் செய்யாமல் திண்ணையில் உட்கார்ந்து பஸ் ஓட்டிக்கொண்டிருந்தான்.

'பஸ் சிமுலேட்டர் இந்தோனேசியா' என்று ஒரு விளையாட்டு. 2017-ல் வந்தது. இந்தோனேசியாக்காரர்கள் தங்கள் ஊர் ரஸ்தாக்களுக்காகச் செய்தது. ஆனால், பஸ்ஸுக்கு நம் இஷ்டப்படி வர்ணம் பூசிக்கொள்ளலாம் என்று ஒரு சலுகை கொடுத்துவிட்டார்கள். பிள்ளைகள் விடுவார்களா? நம் அரசுப் போக்குவரத்துக் கழக பஸ்ஸும், கேரளத்துச் சிவப்பு பஸ்ஸும் ஜாவாத் தீவில் ஜோராக ஓடுகின்றன! அங்கேயும் இடது பக்கம் போகிற வழக்கமாதலால், நம் டிரைவர்களுக்கு ஒரு சங்கடமும் இல்லை.

"மாமா, இதைப் பாருங்க" என்றான் மருமகன். திரையில் ஒரு சாயங்கால வேளை. நெற்றியில் 'தென்காசி' என்று எழுதிய பஸ் ஒன்று, தென்னை மரங்களுக்கு நடுவே, பிரயாணிகள் யாருமில்லாமல் நின்றுகொண்டிருந்தது. "இந்த ஒரு படத்துக்கு முக்கால் மணி நேரம் காத்துக் கிடந்தேன். வெளிச்சம் சரியா விழணும்லா?"

ஐந்து நிமிஷம் நடந்தால் அசல் தென்காசி பஸ், அசல் தென்னை மரம், அசல் சாயங்காலம் எல்லாம் கிடைக்குமே என்று சொல்ல வாயெடுத்தேன். அவனுடைய தகப்பனார், அதாவது என் அத்தான், என்னை முந்திக்கொண்டு அதையே சொல்லிவிட்டார். பையன் பதில் சொல்லவில்லை. அந்தப் பிரயோகத்தைப் பலமுறை கேட்டவன்போல் காணப்பட்டான்.

ஆனால் யோசித்துப் பாருங்கள். சூரியகாந்தி பூக்கிற காலத்தில் சுந்தரபாண்டியபுரம், ஆய்க்குடிப் பக்கம் எத்தனை கார்கள் வந்து நிற்கின்றன! வருகிறவர்கள் எல்லாம் பூவையா பார்க்கிறார்கள்? படம் எடுக்க வருகிறார்கள். இன்னும் பின்னே போனால், தாமஸ் டேனியல் என்ற ஆங்கிலேய ஓவியரும் அவருடைய சகோதரர் மகன் வில்லியமும் 1792-ல் நம் திருநெல்வேலிச் சீமைக்கு வந்தார்கள். பாபநாசம் அருவியை அவர்கள் வரைந்த சித்திரம் 1804-ல் லண்டனில் அச்சாகி வெளிவந்தது. ஓர் இருட்டுப் பெட்டியில் சின்னத் துவாரம் வைத்து, உள்ளே விழும் காட்சியின் மேல் கோடு இழுத்து வரைகிற யுக்தியை அவர்கள் இந்தியாவில் கையாண்டிருக்கிறார்கள். கண்ணுக்கு எதிரே உள்ளதை அப்படியே பிடித்து எடுத்துப் போய்விட வேண்டும் என்ற ஆசை புதிதல்ல.

விளையாட்டுக்காரர்களிடமும் அந்த ஆசை ஆரம்பம் முதலே இருந்திருக்கிறது. ஆனால் பொத்தான் இல்லை. 1982-ல் 'பிட்ஃபால்' என்று ஒரு விளையாட்டு அமெரிக்காவில் வெளிவந்தது. காட்டுக்குள் ஒருவன் முதலை வாயைத் தாண்டித் தாண்டிப் புதையல் எடுப்பான். இருபதாயிரம் புள்ளி எடுத்துவிட்டால், டெலிவிஷன் பெட்டியை அசல் காமிராவால் போட்டோ எடுத்துக் கம்பெனிக்குத் தபாலில் அனுப்ப வேண்டும். கம்பெனியார் மெச்சி, சட்டையில் தைத்துக்கொள்ள ஒரு துணி முத்திரை அனுப்புவார்கள். ஃபிலிம் வாங்கி, சுருள் முடிகிறவரை பொறுத்திருந்து, கழுவி, அச்சுப் போட்டு... அந்த முத்திரையை வாங்கியவன் புள்ளிக்காக வாங்கினானா, பொறுமைக்காக வாங்கினானா என்பது என் சந்தேகம்.

கம்ப்யூட்டரில் 'பிரின்ட் ஸ்கிரீன்' என்று ஒரு விசை இருக்கிறதல்லவா? 1981-ல் ஐ.பி.எம். கம்பெனியின் கம்ப்யூட்டரில் அது வந்தபோது, பெயருக்கேற்றபடி திரையில் உள்ள எழுத்துக்களைப் பிரின்டருக்கு அனுப்பிக் காகிதத்தில் அடித்துத் தள்ளியது. பின்னால்தான் காகிதம் போய், படமாக நினைவில் வைத்துக்கொள்ளும் வேலைக்கு அது மாறிற்று. 2004-ல் ஜப்பானில் வெளியான 'கிரான் டூரிஸ்மோ 4' என்ற கார்ப் பந்தய விளையாட்டில் படம் எடுப்பதற்கென்றே தனி ஏற்பாடு செய்துவிட்டார்கள். 2013-ல் வந்த பிளேஸ்டேஷன் 4-லும், 2017-ல் வந்த நின்டென்டோ ஸ்விட்சிலும் கைப்பிடியிலேயே அதற்கு ஒரு பொத்தான். சுடுவதற்கு ஒரு பொத்தான், குதிப்பதற்கு ஒரு பொத்தான், ரசிப்பதற்கு ஒரு பொத்தான்!

நம் தமிழ்ப் பெண்மணிகள் இதைக் கேட்டால் சந்தோஷப்படுவார்கள்: 2023-ல் கனடாவிலிருந்து 'வெண்பா' என்று ஒரு விளையாட்டு வந்தது. கனடாவில் குடியேறிய ஒரு தமிழ்க் குடும்பத்தின் கதை. ஆட்டம் என்ன தெரியுமா? சமையல். இட்லித் தட்டுகளை ஆவி ஏறுகிற மாதிரி மாற்றி மாற்றி அடுக்க வேண்டும். மறுவருஷம் பிரிட்டனில் பாஃப்டா பரிசும் வாங்கியது. அதைப் படம் எடுக்காத தமிழ்ப் பிள்ளை உண்டா? எத்தனையோ வருஷமாக அந்நிய ஊர்களையும் அந்நிய முகங்களையுமே காட்டிவந்த திரையில், முதல்முதலாக நம் இட்லிக் கொப்பரை!

போகட்டும். நான் சொல்ல வந்தது அத்தை வீட்டு விஷயம்.

என் மாமா, அத்தையின் கணவர், ஆரம்பப் பள்ளி வாத்தியார். குளத்துக்குக் கீழே அவருக்குக் கொஞ்சம் வயல் இருந்தது. 2010-ல் ஒரு கடனுக்காக விற்க நேர்ந்தது. விற்ற மறுவருஷமே அதில் கல் நட்டு மனை போட்டுவிட்டார்கள். மாமா அதற்குப் பிறகு அந்தப் பாதை வழியாகப் போவதில்லை. கோயிலுக்குக்கூடச் சுற்றிக்கொண்டுதான் போவார்.

2012-ல் அவருடைய கடைசிப் பெண்ணுக்கு, பிளஸ் டூ படிக்கையில், சர்க்கார் இலவச மடிக்கணினி கிடைத்தது. அந்தப் பெண் அதில் 'ஃபார்ம்வில்' ஆடினாள். 2009-ல் தொடங்கி உலகத்தையே பிடித்து ஆட்டிய விளையாட்டு அது. ஃபேஸ்புக்கில் ஒரு துண்டு நிலம் கொடுப்பார்கள். உழ வேண்டும், விதைக்க வேண்டும், அறுக்க வேண்டும். ஸ்ட்ராபெரி நாலு மணி நேரத்தில் விளையும். நெல் பன்னிரண்டு மணி நேரத்தில். நேரத்துக்கு அறுக்காவிட்டால் வாடிப் போகும். பெண் கல்லூரிக்குப் போனதும், மடிக்கணினியை வீட்டில் விட்டுப் போனாள். வாடிக்கொண்டிருந்த பயிரை மாமாவுக்குப் பார்க்கப் பொறுக்கவில்லை.

அதன் பிறகு நடந்ததை ஊரே கேலி செய்தது. அதிகாலையில் எழுந்து பல் தேய்த்துவிட்டு, மாமா அறுவடைக்கு உட்கார்ந்துவிடுவார். "பன்னெண்டு மணி நேரத்துல நெல்லு வெளையுதாம்! குறுவையாவது கார்சாகுபடியாவது, எல்லாம் குப்பையிலே போடு" என்று கடைத்தெருவில் சிரித்தார்கள். அவரும் சேர்ந்து சிரிப்பார். 2017-ல் காலமானார். கடவுச்சொல் அவரோடு போயிற்று. 2020 டிசம்பர் 31-ந் தேதி கம்பெனியார் அந்த விளையாட்டையே மூடிவிட்டார்கள். கோடிக்கணக்கான பேருடைய பண்ணைகள் ஒரே இரவில் இல்லாமற் போயின. பத்திரம் இல்லை, பட்டா இல்லை. யாரிடம் போய் முறையிடுவது?

இப்போது மருமகனுக்கு வருவோம். அலமாரி மேல் செத்துக் கிடந்த மடிக்கணினியை அவன் போன கோடை விடுமுறையில் கழற்றி, உள்ளே இருக்கும் ஹார்ட் டிஸ்கை மட்டும் தென்காசியில் ஒரு ரிப்பேர் கடைக்குக் கொண்டுபோய் வேறு கம்ப்யூட்டரில் மாட்டியிருக்கிறான். தனக்கு ஏதாவது பழைய விளையாட்டு அகப்படுமா என்பதுதான் அவன் உத்தேசம். அகப்பட்டவை பதினொரு படங்கள். பெண் சொல்லிக் கொடுத்தபடி மாமா பிரின்ட் ஸ்கிரீன் விசையை அழுத்தி, பெயின்டில் ஒட்டி, சேமித்து வைத்திருக்கிறார். பெயர் வைக்கத் தெரியாததால் எல்லாம் 'அன்டைட்டில்டு'. கூடவே ஒன்று, இரண்டு, மூன்று என்று நம்பர்.

பேரன் அதை அத்தையிடம் காட்டினான். அத்தைக்குக் கம்ப்யூட்டர் என்றாலே ஒரு கசப்பு உண்டு. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஒரு நிமிஷம் பார்த்தாள்.

"ஏலே, இது நம்ம குளத்தடி வயல்லா!" என்றாளாம்.

நானும் அந்தப் படங்களைப் பார்த்தேன். நமக்குத் தெரிந்த ஃபார்ம்வில்தான். பொம்மை மாடு, பொம்மை வேலி. ஆனால் மற்றவர்கள் மாதிரி கட்டம் கட்டமாக அடுக்கவில்லை. நடுவில் ஒரு கோணல் வரப்பு விட்டிருக்கிறார். வடகிழக்கு மூலையில் கிணறு. கிணற்றை ஒட்டி ஒரு மரம். அசலில் அது வேம்பு. விளையாட்டுக் கடையில் வேம்பு கிடைக்கவில்லை போலிருக்கிறது, ஏதோ சீமை மரத்தை வைத்திருக்கிறார். ஸ்ட்ராபெரியில்தான் லாபம் சீக்கிரம் என்று ஆடுகிறவர்கள் எல்லோருக்கும் தெரியும். பதினொரு படத்திலும் நெல்லைத் தவிர வேறு பயிர் இல்லை.

அந்த வீட்டில் கல்யாணப் படம் இருக்கிறது, காதுகுத்துப் படம் இருக்கிறது, குற்றாலத்தில் தலை நனையக் குளித்த படம்கூட இருக்கிறது. வயலுக்குப் படம் கிடையாது. வயலை யார் போய்ப் படம் எடுப்பார்கள்? அது எங்கே போய்விடப் போகிறது என்றுதானே இருந்திருக்கிறோம்! ஆகையால், மூன்று தலைமுறை சோறு போட்ட நிலத்துக்கு இன்று சாட்சி இந்தப் பொம்மைப் படம் ஒன்றுதான். மனைக்காரர்கள் வைத்திருக்கும் வரைபடத்தை நான் சேர்த்துக்கொள்ளவில்லை.

பெரிதாகச் சட்டம் போட்டு மாட்டவேண்டும் என்று அத்தானுக்கு ஆசை வந்துவிட்டது. தென்காசி ஸ்டூடியோவில் உதட்டைப் பிதுக்கினார்கள். காரணம் இருக்கிறது. திரையில் எத்தனை புள்ளியோ அத்தனை புள்ளிதான் படத்திலும் இருக்கும். அந்த மடிக்கணினித் திரை குறுக்கே 1,366, நெடுக்கே 768. அங்குலத்துக்கு முந்நூறு புள்ளி வைத்துத் துல்லியமாக அச்சிட்டால், நாலரை அங்குலத்துக்கு இரண்டரை அங்குலம்தான் தேறும். அதற்குமேல் இழுத்தால் நெல் எது, வேலி எது என்று தெரியாது. (உங்கள் வீட்டிலும் இப்படிப் பழைய படம் ஏதாவது அகப்பட்டால், வாட்ஸ்அப்பில் சாதாரணப் படமாக அனுப்பாதீர்கள், அது இன்னும் சுருக்கிவிடும். 'டாகுமென்ட்' என்று போட்டு அனுப்புங்கள்.) கடைசியில் தபால் கார்டைவிடச் சின்னதாக ஒரு படம் போட்டு வந்தது.

அத்தை அதைத் தன் மூக்குக் கண்ணாடிக் கூட்டில் வைத்திருக்கிறாள். நான் கிளம்புகிற அன்று எடுத்துக் காட்டி, தெற்கு மூலையில் விரலை வைத்தாள்.

"இந்த மூலைக்கு ஒரு நாளும் தண்ணி ஏறாது ராசா. மேடு. ஒவ்வொரு வருசமும் காயத்தான் செய்யும். அவுகளுக்குத் தெரியாதா? இதுலயும் நெல்லைப் போட்டிருக்காக, பாரு!"

"ஆச்சி, அந்த விளையாட்டுல தண்ணி பாய்ச்சவே வேண்டாம்" என்றான் பேரன், திரையிலிருந்து கண்ணை எடுக்காமலே.

"அப்படியா?" என்றாள் அத்தை. படத்தை இன்னும் கொஞ்சம் கிட்டத்தில் கொண்டுபோய்ப் பார்த்தாள்.